40 லட்சம் வீட்டுக்கடன்: 20 வருடத்தில் உண்மையில் எவ்வளவு போகும்?

புதுவண்ணை_72 கேட்டது:

வணக்கம். புது வண்ணாரப்பேட்டையில் ஒரு பழைய ஃபிளாட் பேசி முடிக்கும் நிலையில் இருக்கிறது. 2013-ல் கட்டியது, 720 சதுர அடி, யு.டி.எஸ். (மனையில் பிரிக்காத நிலப் பங்கு) 310 சதுர அடி. விலை 50 லட்சம். வங்கி 40 லட்சம் தருவதாகச் சொல்லியிருக்கிறது. 8.5%, ரெப்போவோடு (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டி விகிதம்) சேர்ந்து ஏறி இறங்கும் ஃப்ளோட்டிங் வட்டி, 20 வருடம், மாதத் தவணை 34,713 ரூபாய். 240-ஆல் பெருக்கினால் 83 லட்சத்து 31 ஆயிரம் வருகிறது.

இந்த 83 லட்சம்தான் முழுச் செலவா? கையில் 10 லட்சம் இருந்தால் போதுமா? 30 வருடம் போட்டால் தவணை 4,000 ரூபாய் குறைகிறது, எடுக்கலாமா? லோன் இன்சூரன்ஸ் 1.2 லட்சம், "கடனிலேயே சேர்த்துடலாம் சார், கையிலிருந்து ஒண்ணும் தர வேண்டாம்" என்கிறார்கள். சேர்க்கலாமா? விவரம் தெரிந்தவர்கள் எண்ணோடு சொன்னால் நன்றாக இருக்கும்.

வட்டிக்கணக்கு:

எண்ணோடு கேட்டதற்கு நன்றி சார். முதலில் தவணை எப்படிப் பிரிகிறது என்று பாருங்கள், மற்றதெல்லாம் அதிலிருந்துதான் வருகிறது.

முதல் மாதம் 40 லட்சத்துக்கு 8.5% வட்டி, பன்னிரண்டில் ஒரு பங்கு: 28,333 ரூபாய். நீங்கள் கட்டும் 34,713-ல் இது போக 6,380 ரூபாய்தான் அசலில் கழியும். மீதி அசல் 39,93,620. அடுத்த மாதம் அந்த மீதிக்கு வட்டி. இப்படி மாதா மாதம் வட்டிப் பங்கு கொஞ்சம் குறையும், அசல் பங்கு கொஞ்சம் ஏறும். அசல் பங்கு தவணையில் பாதியைத் தாண்டுவது 143-வது மாதத்தில், அதாவது பன்னிரண்டாவது வருடக் கடைசியில். ஐந்து வருடம் ஒழுங்காகக் கட்டி முடிக்கும்போது 20.83 லட்சம் போயிருக்கும், பாக்கி 35.25 லட்சம் நிற்கும். அசலில் குறைந்தது வெறும் 4.75 லட்சம். ஐந்தாறு வருடத்தில் விற்றுவிட்டு வேறு வீடு வாங்கலாம் என்று நினைப்பவர்கள் இந்த ஒரு எண்ணைக் கட்டாயம் பார்க்க வேண்டும்.

வங்கி ஏமாற்றுகிறது என்று இதற்கு அர்த்தம் இல்லை. பாக்கிக்கு மட்டும்தான் வட்டி, கணக்கு சரியானதுதான். ஆரம்பத்தில் பாக்கி பெரிது, அதனால் வட்டியும் பெரிது.

இப்போது காலம். அதே 40 லட்சம், அதே 8.5%:

15 வருடம்: தவணை 39,390, மொத்த வட்டி 30.9 லட்சம்
20 வருடம்: தவணை 34,713, மொத்த வட்டி 43.3 லட்சம்
30 வருடம்: தவணை 30,757, மொத்த வட்டி 70.7 லட்சம்

20-லிருந்து 30-க்குப் போனால் மாதம் 3,956 ரூபாய் மிச்சம், ஆனால் வட்டி 27.4 லட்சம் கூடுதல். சம்பளத்துக்குள் 34,713 அடங்குமென்றால் 30 வருடம் வேண்டவே வேண்டாம். அடங்காது என்றால் 30 எடுங்கள், ஆனால் கையில் சேரும் பணத்தை இடையில் கட்டிக்கொண்டே வாருங்கள். தனிநபர் ஃப்ளோட்டிங் வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் வாங்கக் கூடாது என்பது ரிசர்வ் வங்கி விதி.

முன்கூட்டிக் கட்டும் பணத்தின் பலம் எப்போது கட்டுகிறீர்கள் என்பதில் இருக்கிறது. முதல் வருட முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால் கடைசியில் கிட்டத்தட்ட 14 தவணை காணாமல் போகும், வட்டியில் 3.78 லட்சம் மிச்சம். அதே ஒரு லட்சத்தை 15-வது வருட முடிவில் கட்டினால் நாலு தவணைக்குச் சற்று மேல் குறையும், மிச்சம் 51 ஆயிரம்தான். வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாக, போனஸ் வரும் மாதத்தில் 34,713 தனியாகக் கட்டிவந்தாலே 20 வருடக் கடன் 16 வருடம் 8 மாதத்தில் முடியும். சுமார் 8 லட்சம் மிச்சம்.

இதில் எல்லோரும் தவறவிடுவது ஒன்று: பணம் கட்டிய அன்றே "தவணைத் தொகை அப்படியே இருக்கட்டும், மாதங்களைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள், அல்லது ஆப்பில் அந்தத் தேர்வைப் போடுங்கள். சில இடங்களில் தாமாகவே தவணையைக் குறைத்து மாதங்களை அப்படியே விட்டுவிடுவார்கள், அப்போது மேலே சொன்ன மிச்சத்தில் பாதிகூடத் தேறாது. அடுத்த மாதம் புது அட்டவணை எடுத்து, மீதி மாதங்கள் குறைந்திருக்கிறதா என்று பாருங்கள்.

இன்சூரன்ஸ்: 1.2 லட்சத்தைக் கடனில் சேர்த்தால் மாதம் 1,041 ரூபாய் கூடும், 20 வருடத்தில் 2.5 லட்சம் ஆகிறது. கையிலிருந்து தர வேண்டாம் என்பதன் விலை அது. வீட்டுக்கடன் பெற இந்த பாலிசி சட்டப்படி கட்டாயம் இல்லை. ஆனால் குடும்பத்துக்குப் பாதுகாப்பு அவசியம், அதை விட்டுவிடாதீர்கள். தனியாக டெர்ம் பாலிசி (காலத்துக்குள் இறந்தால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் தரும் காப்பீடு) எடுத்து வருடா வருடம் பிரீமியம் கட்டுங்கள். கடனோடு ஒட்டிய பாலிசியில் காப்புத்தொகை பெரும்பாலும் கடன் பாக்கியோடு குறைந்துகொண்டே வரும், கடனை வேறு வங்கிக்கு மாற்றினால் அது தொடருமா என்பதும் சிக்கல். டெர்ம் பாலிசி உங்களோடு இருக்கும்.

கையெழுத்துக்கு முன் கே.எஃப்.எஸ். தாளை (கடனின் முக்கிய விவரங்கள் அடங்கிய தாள்) கேட்டு வாங்குங்கள். 2024 அக்டோபர் 1 முதல் புதிய சில்லறைக் கடன் எல்லாவற்றுக்கும் அதைத் தர வேண்டும். அதில் ஏ.பி.ஆர். என்று ஒரு சதவீதம் இருக்கும். பிராசஸிங் கட்டணம், இன்சூரன்ஸ் போன்றவற்றையும் சேர்த்த வட்டி அது. இரண்டு வங்கியை ஒப்பிடும்போது விளம்பரத்தில் இருக்கும் 8.5%-ஐ விடுங்கள், ஏ.பி.ஆரை ஒப்பிடுங்கள்.

பத்திரம்_மூலக்கடை:

சார், 10 லட்சம் போதவே போதாது. எத்தனையோ பேர் அட்வான்ஸ் கொடுத்துட்டு மாட்டுறது இங்கதான்.

பழைய ஃபிளாட், அதனால கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத்தீர்வை எல்லாம் சேர்த்து 7%, பதிவுக் கட்டணம் 2%. பேசின விலை, அரசு வெச்சிருக்கிற வழிகாட்டி மதிப்பு, ரெண்டுல எது அதிகமோ அதுக்கு. 50 லட்சம்னா 4.5 லட்சம். இதுக்கு பேங்க்ல கடன் கிடையாது. வீட்டு விலைல எத்தனை சதவீதம் கடன்னு விகிதம் கணக்கு பண்ணும்போது முத்திரைத்தீர்வை, பதிவுக் கட்டணத்தை வீட்டு விலையோட சேர்க்கக் கூடாதுன்னு ரிசர்வ் வங்கி சொல்லியிருக்கு (10 லட்சத்துக்கு உட்பட்ட வீட்டுக்கு மட்டும் விலக்கு).

அடுத்து எம்.ஓ.டி. மூலப் பத்திரத்தை பேங்க்ல ஒப்படைச்சு அடமானம் வைக்கிறதைப் பதிவு பண்றது. நம்ம மாநிலத்துல கடன் தொகைல அரை சதவீதம் தீர்வை, உச்சவரம்பு 30,000. பதிவுக் கட்டணம் 1%, உச்சவரம்பு 6,000. உங்களுக்கு 20,000 + 6,000 = 26,000. பிராசஸிங் ஃபீஸ், அதுக்கு 18% ஜி.எஸ்.டி., லீகல் ஒப்பீனியன், வேல்யூவர் எல்லாம் சேர்ந்து ஒரு 27 ஆயிரம் வைங்க. புரோக்கர் ஒரு சதவீதம்னா 50,000.

முன்பணம் 10 லட்சத்தோட கூட்டுங்க: 15.53 லட்சம். குறையுற அஞ்சரை லட்சத்துக்கு பர்சனல் லோன் போட்டுக்கலாம்னு மட்டும் நினைக்காதீங்க. 13%, அஞ்சு வருஷம்னா மாசம் 12,514 ரூபாய். வீட்டுத் தவணையோட சேர்த்தா 47 ஆயிரம் தாண்டிடும்.

எல்லாம் சேர்த்தா 83.31 + 15.53 = 98.84 லட்சம். 50 லட்சம் ஃபிளாட்டுக்கு கிட்டத்தட்ட 99 லட்சம். உங்க முதல் கேள்விக்கு பதில் இதுதான்.

இன்னும் ஒண்ணு. பேங்க் 40 லட்சம்னு சொன்னது, வேல்யூவர் 50 லட்சம்னு மதிப்புப் போட்டா. 30 லட்சத்துக்கு மேல 75 லட்சம் வரைக்கும் உள்ள கடனுக்கு மதிப்புல 80% தான் உச்சம். நம்ம பக்கம் பழைய தெருவெல்லாம் குறுகல், பிளானுக்கு மேல ஒரு மாடியோ, மொட்டை மாடில ஒரு ரூமோ ஏத்திருப்பாங்க. வேல்யூவர் அப்ரூவ்டு பிளான்ல இருக்குறதை மட்டும்தான் எடுப்பார். மதிப்பு 46 லட்சம்னு வந்தா கடன் 36.8 லட்சம், கையில இன்னும் 3.2 லட்சம் வேணும். அதனால விற்பனை ஒப்பந்தத்துல "வங்கிக் கடன் மறுக்கப்பட்டாலோ, குறைத்து அனுமதிக்கப்பட்டாலோ அட்வான்ஸ் முழுவதும் திருப்பித் தரப்படும்"னு ஒரு வரி போடச் சொல்லுங்க. அந்த வரி இல்லாம டோக்கன் அட்வான்ஸ் கூட கொடுக்காதீங்க. விலை சரியா 50 லட்சம்ங்கறதால விக்கிறவர் பணத்துல 1% டி.டி.எஸ். (அவர் பேர்ல வருமான வரி) பிடிச்சு நீங்கதான் அரசுக்குக் கட்டணும், அதையும் பேசி வெச்சுக்குங்க. உங்களுக்குக் கூடுதல் செலவில்ல, ஆனா மறந்தா தாமதக் கட்டணம் உங்க தலையில.

பத்திரப் பதிவு அன்னிக்கு: செக்கோ டி.டி.யோ ரெடியாகி பேங்க்லயே பத்து நாள் கிடக்கும், விக்கிறவர் பக்கம் ஏதோ ஒரு பேப்பர் குறையும். 40 லட்சத்துக்கு ஒரு நாள் வட்டி 932 ரூபாய். பணம் உண்மையில கைமாறின தேதியிலிருந்துதான் வட்டி போடணும், செக் எழுதின தேதியிலிருந்து போடுறது முறையில்லன்னு 2024 ஏப்ரல்ல ரிசர்வ் வங்கி சொல்லிடுச்சு. முதல் ஸ்டேட்மென்ட் வந்ததும் வட்டி தொடங்கின தேதியப் பாருங்க.

கொளத்தூர்க்காரி:

மேலே இருவரும் சொன்ன எண்கள் சரி. ஆனால் 99 லட்சம் என்று கேட்டுப் பயந்துவிடக் கூடாது என்பதற்காக எழுதுகிறேன். இருபதாவது வருடத்தில் கட்டும் 34,713 ரூபாயும் இன்றைய 34,713 ரூபாயும் ஒன்றல்ல. விலைவாசி வருடம் 5% ஏறுகிறது என்று வைத்தால், கடைசித் தவணையின் இன்றைய மதிப்பு 13,083 ரூபாய்தான். 240 தவணையையும் அப்படியே இன்றைய மதிப்புக்கு இறக்கினால் 53 லட்சம் வருகிறது. 40 லட்சம் வாங்கி, இன்றைய காசில் 53 லட்சம் திருப்பித் தருகிறீர்கள். அந்த 13 லட்சம்தான் உண்மையான வட்டிச் சுமை. சம்பளம் வருடா வருடம் ஏறாதவர்களுக்கு இந்தக் கணக்கு பொருந்தாது, அதையும் சொல்லிவிடுகிறேன்.

வருமான வரிச் சலுகையை நம்பி யாரும் கடன் அளவைக் கூட்ட வேண்டாம். புதிய வரி முறையில் நாம் குடியிருக்கும் வீட்டுக்கு வட்டிக் கழிவு கிடையாது, அசலுக்கும் கிடையாது. பழைய முறையில் வட்டிக்கு 2 லட்சம் வரைதான். உங்கள் முதல் வருட வட்டி 3.37 லட்சம். 20% வரி அடுக்கில் இருந்தால் அந்த 2 லட்சத்தால் மிச்சமாவது செஸ் சேர்த்து 41,600.

நீங்களோ உங்கள் துணைவரோ மத்திய அரசு ஊழியர் என்றால் (பெரம்பூர், அயனாவரம் பக்கம் ரயில்வே குடும்பங்கள் அதிகம் என்பதால் கேட்கிறேன்) முதலில் ஹெச்.பி.ஏ. (அரசு தன் ஊழியருக்கு வீட்டுக்காகத் தரும் முன்பணம்) தனிநபரிடம் வாங்கும் பழைய ஃபிளாட்டுக்குக் கிடைக்குமா என்று அலுவலகத்தில் கேளுங்கள். உச்சம் 25 லட்சம் அல்லது 34 மாத அடிப்படைச் சம்பளம், எது குறைவோ அது. அது தனிவட்டி, முதல் 15 வருடம் அசல் மட்டும் பிடிப்பார்கள், பிறகு வட்டி. 7.5% என்று வைத்து 25 லட்சத்துக்குக் கணக்குப் போட்டால் வட்டி சுமார் 14 லட்சம். அதே 25 லட்சம், அதே 7.5%-ல் வங்கியில் 20 வருடம் என்றால் 23 லட்சத்துக்கு மேல்.

காசிமேடு_கட்டுமானம்:

யாரும் கட்டடத்தைப் பற்றிப் பேசவில்லை. கடன் முடியும்போது இந்தக் கட்டடத்துக்கு வயது முப்பதைத் தாண்டியிருக்கும், கடல் காற்று அடிக்கும் பகுதி வேறு. உப்பு கான்கிரீட்டுக்குள் இறங்கிக் கம்பி துருப்பிடித்தால், துரு கம்பியைவிட அதிக இடம் பிடிக்கும், உள்ளிருந்து தள்ளிக் கான்கிரீட்டைப் பிளக்கும்.

வாங்கும் முன் நான்கு இடம் பாருங்கள்: சன்ஷேடு அடிப்பக்கம், பால்கனி அடிப்பக்கம், மேல் வீட்டு பாத்ரூமுக்குக் கீழே வரும் சீலிங், தரைத்தள பார்க்கிங் தூண்களின் அடி. கம்பி ஓடும் வாக்கில் நேர்கோட்டு விரிசலோ பழுப்புக் கறையோ தெரிகிறதா? சின்னச் சுத்தியலால் லேசாகத் தட்டுங்கள். "டொக்" என்று வெற்றுச் சத்தம் வந்தால் உள்ளே பூச்சோ கான்கிரீட்டோ விட்டுவிட்டது. புதிதாக பெயின்ட் அடித்த சீலிங்கில் ஒரு இடம் மட்டும் மேடாகத் தெரிந்தால் அங்கேதான் முதலில் தட்ட வேண்டும். சிமென்ட் பூசி மூடினால் ஒன்றிரண்டு மழைக்குள் திரும்ப விழும். தளர்ந்ததைக் கொத்தி எடுத்து, கம்பியின் பின்பக்கம் வரை துருவைப் பிரஷ் போட்டு நீக்கி, துருத்தடுப்புப் பூச்சு கொடுத்து, பாலிமர் கலவையால் கட்ட வேண்டும். பொதுச் சுவர், தூண் என்றால் எல்லா வீட்டாரும் பங்கு போட வேண்டும். பேசி முடிப்பதற்குள் இரண்டு மழைக்காலம் போய்விடும்.

மெயின்டனன்ஸ் சதுர அடிக்கு 3 ரூபாய் என்றால் மாதம் 2,160, இருபது வருடத்தில் 5.18 லட்சம், அதுவும் ஏறாமலே இருந்தால். அதோடு அரையாண்டு சொத்து வரி, குடிநீர் வரி. விற்பவரிடம் இரண்டுக்கும் பாக்கியில்லாத ரசீது வாங்குங்கள், சங்கத்திடம் "பாக்கி இல்லை" என்று எழுத்தில் வாங்குங்கள். யு.டி.எஸ். 310 என்பது பத்திரத்தில் உள்ளதா, எல்லா வீட்டின் யு.டி.எஸ்.-ஐயும் கூட்டினால் மனையளவுக்குள் வருகிறதா என்றும் பாருங்கள். கட்டடம் தேய்ந்துகொண்டே போகும். முப்பது வருடம் கழித்து இடித்துக் கட்டும்போது உங்கள் கையில் மதிப்போடு இருப்பது அந்த நிலப் பங்குதான்.

புதுவண்ணை_72:

எல்லோருக்கும் மிக்க நன்றி. இன்சூரன்ஸைக் கடனில் சேர்ப்பதில்லை, 30 வருடமும் இல்லை என்று முடிவு செய்துவிட்டேன். ஒரு சந்தேகம். ஃப்ளோட்டிங் கடனில் வட்டி ஏறினால் தவணை மாறாது, மாதங்கள்தான் கூடும் என்றார்கள். அது நமக்கு வசதிதானே?

வட்டிக்கணக்கு:

வசதி மாதிரி தெரியும் சார், ஆனால் இந்தக் கடனில் மிகப் பெரிய செலவு ஒளிந்திருக்கும் இடம் அதுதான். 2022 மே தொடக்கத்தில் ரெப்போ 4%. 2023 பிப்ரவரியில் 6.5%. பத்து மாதத்துக்குள் இரண்டரை சதவீதம். 2025 பிப்ரவரியில்தான் இறங்க ஆரம்பித்தது.

2021-ல் 6.75%-க்கு 40 லட்சம், 20 வருடம் எடுத்த ஒருவரை வைத்துக்கொள்ளுங்கள். தவணை 30,415. பதினெட்டு மாதம் கட்டியபின் பாக்கி 38.5 லட்சம், மீதி 222 தவணை. வட்டி 9.25% ஆகிறது (படிப்படியாக ஏறியதை எளிமைக்காக ஒரே தடவையாக எடுக்கிறேன்). இப்போது ஒரு மாத வட்டி மட்டும் 29,681. தவணை மாறவில்லை என்றால் அசலுக்குப் போவது 734 ரூபாய். அந்த வேகத்தில் மீதி 222 தவணை 485 ஆகிவிடும், நாற்பது வருடம். வட்டி இன்னும் கொஞ்சம் ஏறியிருந்தால் தவணை வட்டிக்கே பத்தாமல் கடன் வளரத் தொடங்கியிருக்கும்.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு வழி செய்தது: வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தைக் கூட்டுவதா, இரண்டும் கலந்தா என்று வாடிக்கையாளரிடம் கேட்க வேண்டும். காலாண்டுக்கு ஒரு முறை ஸ்டேட்மென்டில் இதுவரை போன அசல், வட்டி, மீதித் தவணைகளின் எண்ணிக்கை எல்லாம் இருக்க வேண்டும். அந்தக் கடைசி எண்ணைத்தான் காலாண்டுக்கு ஒரு முறை நோட்டில் குறிக்கச் சொல்கிறேன். மூன்று மாதத்தில் அது மூன்று குறைய வேண்டும். குறையவில்லை என்றால் அன்றே தவணையைக் கூட்டச் சொல்லி எழுதிக் கொடுங்கள். வட்டி இறங்கும்போது எதிர்மாறாகச் செய்யுங்கள், தவணையைக் குறைக்க விடாதீர்கள்.

உங்கள் கடன் வங்கியில், ரெப்போவோடு சேர்ந்தது, அதனால் மூன்று மாதத்துக்குள் மாற்றம் வந்துவிடும். வீட்டுவசதி நிதி நிறுவனங்களின் கடன் பெரும்பாலும் அவர்களே வைக்கும் விகிதத்தோடு சேர்ந்தது. ஏறும்போது சீக்கிரம் ஏறும், இறங்கும்போது நாம் கேட்டு, மாற்றுக் கட்டணம் கட்டினால்தான் இறங்கும். அங்கே கடன் வைத்திருப்பவர்கள் வருடம் ஒரு முறை புது வாடிக்கையாளருக்கு என்ன வட்டி என்று விசாரியுங்கள். அரை சதவீதத்துக்கு மேல் வித்தியாசம் இருந்தால் கட்டணம் கட்டி இறக்கிக்கொள்வது பெரும்பாலும் லாபம்தான். வேறு வங்கிக்கே மாற்றுவதென்றால் எம்.ஓ.டி. செலவு மறுபடி வரும் என்பதையும் கணக்கில் எடுங்கள். 35 லட்சம் பாக்கி, 15 வருடம் மீதி, 9%-லிருந்து 8.25% என்றால் மாதம் 1,544 ரூபாய் குறையும். எம்.ஓ.டி. மட்டும் 23,500, அதோடு பிராசஸிங், லீகல். செலவு திரும்ப வரவே சுமார் இரண்டு வருடம் ஆகும்.

பத்திரம்_மூலக்கடை:

கடன் முடியும்போது செய்ய வேண்டியதையும் இப்பவே குறிச்சு வெச்சுக்குங்க, இருபது வருஷம் கழிச்சு யாரும் சொல்ல மாட்டாங்க. முழுசாக் கட்டின 30 நாளுக்குள்ள அசல் பத்திரங்களைத் திருப்பித் தரணும், அவங்க பக்கம் தாமதமானா நாளைக்கு 5,000 ரூபாய் உங்களுக்கு இழப்பீடு. 2023 டிசம்பர் 1-லிருந்து இந்த விதி. நீங்க பத்திரத்தை ஒப்படைக்கிற அன்னிக்கு என்னென்ன கொடுத்தீங்கன்னு, தாய்ப்பத்திரம் உட்பட, பக்க எண்ணிக்கையோட பேங்க் சீல் போட்ட பட்டியல் வாங்கி வெச்சுக்குங்க. அது இல்லாம பின்னாடி ஒண்ணும் பேச முடியாது.

பத்திரம் கைக்கு வந்ததோட வேலை முடியல. எம்.ஓ.டி. ரத்து ரசீதையும் சார்பதிவாளர் ஆபீஸ்ல பதிவு பண்ணணும். பண்ணலன்னா வில்லங்கச் சான்றுல (இ.சி.) கடன் நிலுவையில இருக்குற மாதிரியே காட்டும். பதிவு முடிஞ்சு ஒரு வாரம் கழிச்சு இ.சி. போட்டு, ரசீது பதிவு வந்திருக்கான்னு பாருங்க. இப்ப நீங்க வாங்கப்போற ஃபிளாட்டுக்கும் அதே மாதிரி முதல்ல இ.சி. எடுங்க. விக்கிறவர் கடனை முடிச்சுட்டேன்னு சொல்றாரா, அந்த ரசீது பதிவு நம்பர் இ.சி.ல இருக்கணும்.